டில்லிபாபு ஒட்டிய மூன்று எழுத்து

டில்லிபாபுவைப் பற்றி மண்ணூர்பேட்டையில் யாரைக் கேட்டாலும் இரண்டு விஷயம் சொல்வார்கள். கை சுத்தம், வாய்தான் நிற்காது. பதினாறு வருஷமாக அவன் கடைக்கும் என் கடைக்கும் நடுவில் ஒரு தகரத் தடுப்பு மட்டுமே. அவன் கார்களுக்கு எம்ப்ளமும் ஸ்டிக்கரும் ஒட்டுகிறவன். நான் கிருபாகரன், சீட் கவர் தைக்கிறவன். என் தையல் மெஷின் சத்தத்தையும் மீறி வரும் அவன் பேச்சைக் கேட்டே எனக்கு வயதாகிவிட்டது.

எம்ப்ளம் ஒட்டுவதெல்லாம் ஒரு வேலையா என்று நினைப்பவர்களுக்குச் சொல்கிறேன். காரின் முன்பக்கம் கம்பெனி முத்திரை இருக்கும். பின்பக்கம் டிக்கி மேல் வண்டியின் பேரும், அது எந்த மாடல் என்று காட்டுகிற இரண்டு மூன்று எழுத்தும் இருக்கும். நம் ஊர் வெயிலுக்கும் வாட்டர் வாஷுக்கும் நாலைந்து வருஷத்தில் அதன் பளபளப்பு உரிந்து, அம்மை வந்த முகம் போல ஆகிவிடும். அதை எடுக்கிறேன் என்று ஸ்க்ரூ டிரைவரை விட்டு நெம்பி பெயின்ட்டையே பெயர்த்துவிடுகிற மேதாவிகள் எங்கள் ரோட்டிலேயே உண்டு. டில்லிபாபு அப்படி இல்லை. முதலில் சூடு காட்டுவான். பசை இளகியதும் தூண்டில் நரம்பை எழுத்துக்குப் பின்னால் விட்டு, இப்படியும் அப்படியும் ரம்பம் போல இழுப்பான். எழுத்து தானாகக் கையில் வந்து விழும், ஒரு கீறல் இருக்காது. புதிதாக ஒட்டுகிற எழுத்தின் பின்புறம் மெல்லிய மார்க்கரால் 'டி.பா.' என்றும் தேதியும் எழுதிவிட்டுத்தான் ஒட்டுவான். யாரும் பார்க்காத இடத்தில் கையெழுத்துப் போடுகிற ஒரே ஆள் நீதான் என்று நான் கிண்டல் செய்வேன்.

"நாளிக்கு எவனாச்சும் உரிச்சிப் பாப்பான் மச்சான். அப்ப தெரியும், இது யார் வேலைன்னு" என்பான்.

அவனுக்கு இன்னொரு கர்வமும் உண்டு. ஒரு மாடலின் எழுத்தை வேறு மாடல் வண்டிக்கு ஒட்ட மாட்டான். பழைய வண்டியை வாங்கி, டாப் மாடல் எழுத்து ஒட்டித் தரச் சொல்லி வாரத்துக்கு இரண்டு பேராவது வருவார்கள். "பியூன் ரூம்புல கலெக்டர் போர்டு மாட்டிக்கினா கலெக்டர் ஆயிடுவியா?" என்று ரோட்டுக்கே கேட்கிற மாதிரி கேட்டு அனுப்பிவிடுவான். எனக்கு எரிச்சலாக இருக்கும். வந்த கிராக்கியைத் துரத்துவதில் என்ன பெருமை?

அந்தக் கொள்கையை அவன் ஒரே ஒரு முறை விட்டான். விட வைத்தவன் நான்.

இரண்டாயிரத்து இருபதாம் வருஷம், தை மாதம். குத்தம்பாக்கத்திலிருந்து ஜெயராமன் என்று ஒருவர், புது வெள்ளைக் கார் ஒன்றை ஷோரூமிலிருந்து நேராக எங்களிடம் கொண்டுவந்து நிறுத்தினார். மாலை கூட இன்னும் வாடவில்லை. மகள் தாட்சாயிணிக்குக் கல்யாணம், மாப்பிள்ளை வினோத்துக்குப் பூந்தமல்லி. குத்தம்பாக்கத்தில் பஸ் ஸ்டாண்டு வரப்போகிறது என்றதும், அந்த ஊரில் வேட்டி கட்டினவர்கள் எல்லாம் கோடீஸ்வரர்கள் என்று வெளியூர்க்காரர்களுக்கு ஒரு நினைப்பு. ஜெயராமனுக்கு இருந்ததோ ரோட்டை விட்டு உள்ளே தள்ளி ஒரு துண்டு நிலம், மற்றபடி திருமழிசை எஸ்டேட்டில் ஒரு கம்பெனியில் ஸ்டோர் கீப்பர் வேலை. "எங்களுக்கு ஒண்ணும் வேணாம், உங்க பொண்ணுக்கு நீங்க செய்றதைச் செய்யுங்க" என்று வினோத்தின் அப்பா பெருந்தன்மையாகச் சொல்லியிருக்கிறார். கூடவே, வண்டி மட்டும் டாப் மாடலாக இருந்தால் நாலு பேர் பார்க்க நன்றாயிருக்கும் என்றும் சொல்லியிருக்கிறார். இந்தப் பெருந்தன்மைக்காரர்களைப் போல ஆபத்தானவர்கள் உலகத்தில் கிடையாது.

ஜெயராமனால் முடிந்தது அதற்கு இரண்டு படி கீழே இருந்த மாடல். எங்கள் தொழிலில் இதற்கு வழி இருக்கிறது. அலாய் வீல் மாட்டலாம், டச் ஸ்க்ரீன் வைக்கலாம், நான் தோல் மாதிரியே ஒரு துணியில் சீட் கவர் தைத்துப் போடலாம். எல்லாம் செய்தோம். உள்ளே உட்கார்ந்து பார்த்தால் தெரிந்தவனே ஏமாந்துபோவான். மிச்சம் இருந்தது டிக்கி மேல் இருந்த இரண்டு எழுத்து. டாப் மாடல் என்றால் அங்கே மூன்று எழுத்து இருக்க வேண்டும்.

"அத மாத்தினா பொய்யாயிடும் நைனா. மத்ததெல்லாம் அலங்காரம். எழுத்து அப்டி இல்ல" என்று டில்லிபாபு கையைக் கட்டிக்கொண்டு நின்றான்.

ஜெயராமன் கெஞ்சக்கூட இல்லை. "நாளிக்கு வண்டிய பாக்க வராங்கப்பா. பத்திரிகை வச்சி முடிச்சாச்சி. இப்ப போயி கல்யாணம் நின்னா எம் பொண்ணு தலைய நிமித்தி நடக்க முடியாது" என்று சொல்லிவிட்டுத் தரையைப் பார்த்தார்.

எனக்குத் தாங்கவில்லை. தடுப்பைச் சுற்றி வந்து, "ஆயிரம் பொய் சொல்லி ஒரு கல்யாணம் பண்ணுன்னு சும்மாவா சொன்னாங்க? இது அதுல ஒண்ணு. ஒட்டுடா" என்றேன். அவன் என்னை ஒரு மாதிரி பார்த்தான். பிறகு உள்ளே போய் மூன்று எழுத்து எடுத்து வந்தான். பழக்கதோஷம், பின்புறம் 'டி.பா.' என்று எழுதி, தேதியும் போட்டு ஒட்டினான். கல்யாணம் நன்றாக நடந்தது. எங்கள் இரண்டு பேருக்கும் பத்திரிகை வந்தது, போய் சாப்பிட்டுவிட்டு வந்தோம்.

நாலு வருஷம் போயிற்று. இதற்குள் எத்தனை வெள்ளைக் கார் வந்து போயிருக்கும்! போன வருஷம் வைகாசியில் ஒரு சனிக்கிழமை காலை, முப்பது வயது மதிக்கத்தக்க ஒருவர் வந்து நின்றபோது டில்லிபாபுவுக்கு ஒன்றும் நினைவுக்கு வரவில்லை. முன்பக்கத்து முத்திரையும் பின்பக்கத்து வண்டிப் பேரும் உரிந்து போயிருந்தன, மாற்ற வேண்டும் என்றார். டூப்ளிகேட் வேண்டுமா, கம்பெனி சாமானா, குரோமா, இப்போது எல்லாரும் போடுகிற கறுப்பா என்று டில்லிபாபு ஒவ்வொன்றாக எடுத்துக் காட்டினான். அவர் யோசித்து, கம்பெனி சாமானே போடுங்கள், குரோமே இருக்கட்டும் என்றார். வண்டிக்குள் ஏ.சி. ஓடிக்கொண்டிருந்தது. மனைவி முன் சீட்டிலும் ஒரு சின்னப் பையன் பின் சீட்டிலும் இருந்தார்கள்.

"இந்த மூணு எழுத்தையும் மாத்திடலாமா? இது மட்டும் எப்படி இவ்வளவு நல்லா இருக்கு? கம்பெனிக்காரன் இதை மட்டும் ஒழுங்கா ஒட்டியிருக்கான்" என்றார்.

கடவுளே, அந்தப் பாராட்டைக் கம்பெனிக்காரனுக்குக் கொடுக்காமல் இருந்திருக்கக் கூடாதா? டில்லிபாபு அதற்குள் நரம்பை விட்டு மூன்றில் ஒரு எழுத்தை எடுத்துவிட்டிருந்தான். திருப்பிப் பார்த்தான். முகம் மலர்ந்துவிட்டது.

"கம்பெனிக்காரன் எங்க சார் ஒட்டினான்? இத ஒட்டினதே நானு. பாரு, டி.பா.ன்னு எழுதி கீதில்ல? டில்லிபாபு! தேதி பாரு, நாலு வருசம் ஆவுது. கம்பெனி ஒட்டினதெல்லாம் பல்லிளிச்சிகினு கீது, என்னுது ஆடிச்சா?"

நான் மெஷினில் இருந்தேன். காதில் விழுந்தது. தேதியைச் சொன்னதுமே எனக்குச் சுருக்கென்றது. ஓடிப்போய் எதையாவது பேசிக் கலைத்திருக்கலாம். மெஷினை மட்டும் நிறுத்தினேன்.

"புது வண்டி. ஷோரூம்ல இருந்து வந்தது. நீங்க ஏன் ஒட்டணும்?" என்றார் அவர்.

டில்லிபாபுவுக்கு அப்போதுதான் உறைத்தது. நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். இங்கே கெட்டது வேறொருத்தியின் வாழ்க்கை. அவன் என்னவோ உளறினான். ஷோரூமில் விழுந்துவிட்டது, அதனால் ஒட்டினோம் என்றான், வேறு வண்டியோ என்னவோ என்றான். ஒன்றுக்கொன்று ஒட்டாத பொய்கள். சத்தம் கேட்டு முன் கதவைத் திறந்துகொண்டு ஜெயராமன் மகள் தாட்சாயிணி இறங்கினாள். டில்லிபாபுவின் கையில் இருந்த எழுத்தைப் பார்த்தாள். வினோத் காரிலிருந்து, மாடல் பேர் போட்டிருக்கும் ஆர்.சி. கார்டை எடுத்துவந்து படித்தார்தான். ஆனால் அதற்கு முன்பே அவள் முகத்தில் படித்துவிட்டார்.

"உனக்குத் தெரியுமா?" என்று ஒரே ஒரு கேள்வி கேட்டார். அவள் போய்ப் பின் சீட்டில் பையன் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டாள். இனி எதுவும் ஒட்ட வேண்டாம் என்று சொல்லிவிட்டு, ஒரு எழுத்து போன டிக்கியோடு வண்டியை எடுத்துக்கொண்டு போனார். ஒரு வார்த்தை உரக்கப் பேசவில்லை. பேசியிருந்தால் எனக்குக் கொஞ்சம் நிம்மதியாக இருந்திருக்கும்.

மூன்று வாரம் கழித்து அதே வண்டி மறுபடியும் வந்தது. ஓட்டி வந்தவள் தாட்சாயிணி, பக்கத்தில் ஜெயராமன். வண்டியை விற்கப் போகிறோம், உண்மையான எழுத்தை ஒட்டிக் கொடு என்று அவர் சொன்னார். டில்லிபாபு அவர் காலில் விழப்போனான். அவர் பிடித்துக்கொண்டார்.

"உன்ன இன்னாத்துக்குப்பா சொல்றது? ஒட்டச் சொன்னது நானு. அந்தப் பையன் இப்பிடி ஒரு வண்டிக்கோசரம் பொண்டாட்டிய எங்க வூட்டுக்குத் திருப்பி அனுப்புவான்னு நெனைக்கல" என்றார்.

"வண்டிக்காக அனுப்பலப்பா" என்றாள் தாட்சாயிணி. இதை எங்கள் முன்னால் சொல்ல வேண்டாம் என்று அவள் நினைத்திருக்கலாம். ஆனாலும் சொன்னாள். "கல்யாணம் ஆன ரெண்டாவது மாசமே அவர்கிட்ட சொல்லிடலாம்னேன். நீதான் சொல்லக்கூடாதுன்னு உன் தலைமேல என் கைய வச்சி சத்தியம் வாங்கின. அவர் இன்னா சொன்னார் தெரியுமா? 'வண்டி கேட்டது எங்க அப்பா. என்கிட்ட சொல்லியிருந்தா ஆட்டோல வந்து தாலி கட்டியிருப்பேன். நாலு வருஷம் பக்கத்துல படுத்துகினு மறைச்சியே, வேற இன்னா மறைச்சிருக்க?'ன்னு கேட்டாரு. நான் இன்னான்னு பதில் சொல்றது?"

ஜெயராமன் என் கடை வாசலில் கிடந்த ரெக்சின் சுருள் மேல் உட்கார்ந்துவிட்டார். கல்யாணத்துக்கு முன்னால் எழுத்தை மாற்ற வந்த அன்றைக்குக் கெஞ்சாத மனிதர், தோளில் கிடந்த துண்டை வாயில் அழுத்திக்கொண்டு அழுதார். டில்லிபாபு மிச்சமிருந்த இரண்டு எழுத்தையும் எடுத்துவிட்டு, சரியான இரண்டு எழுத்தை ஒட்டினான். அவனுக்கு எப்போதும் பத்து நிமிஷ வேலை அது. அன்றைக்கு ஒரு மணி நேரம் ஆயிற்று.

அதற்குப் பிறகு அவன் கடையில் சத்தமே இல்லை. கேட்டதற்குத் தலையாட்டுவான், விலையை மட்டும் சொல்வான். அந்த வாயை எத்தனை நாள் திட்டியிருக்கிறேன்! அது மூடிக்கொண்டபோது எனக்குக் கடையில் உட்காரவே பிடிக்கவில்லை. ஆனியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை நான்தான் சொன்னேன், பூந்தமல்லிக்குப் போய் அந்தப் பையனிடம் பேசலாம் என்று. தப்பு எங்கள் மூன்று பேருடையது, அந்தப் பெண்ணுடையது இல்லை என்று சொல்லிவிடலாம். டில்லிபாபு சட்டையை மாற்றிக்கொண்டு வந்தான். வழியெல்லாம் என்ன பேச வேண்டும் என்று இரண்டு பேரும் ஒத்திகை பார்த்தோம்.

வினோத்தே கேட்டைத் திறந்தார். இளைத்திருந்தார், முகச்சவரம் செய்து நாலு நாள் இருக்கும். எங்களை அடையாளம் தெரிந்துகொள்ள அவருக்கு ஒரு நிமிஷம்கூட ஆகவில்லை. திட்டுவார் என்று நான் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன். அவர் எங்களுக்குப் பின்னால் தெருவை ஒரு தரம் பார்த்தார்.

"தாட்சாயிணி ஏதாவது சொல்லி அனுப்பிச்சாளா?" என்றார்.

ஒத்திகை பார்த்ததெல்லாம் எங்கே போயிற்றோ தெரியவில்லை. டில்லிபாபு என்னைப் பார்த்தான். நான் என் செருப்பைப் பார்த்தேன்.

"இல்ல சார்" என்றான் அவன்.

வினோத் மெல்லத் தலையாட்டினார். வேறு ஏதாவது சொல்வோமா என்று கொஞ்சம் காத்திருந்தார். பிறகு கேட்டைச் சாத்திக்கொண்டார்.

திரும்பும் வழியில் டில்லிபாபு என் பைக்கின் பின்னால் உட்கார்ந்து வந்தான். பருத்திப்பட்டு தாண்டியதும் என் தோளைத் தொட்டான்.

"ஆமான்னு சொல்லியிருக்கலாம் இல்ல மச்சான்?"

"சொல்லியிருக்கலாம்" என்றேன்.

வண்டியைத் திருப்பு என்று அவன் சொல்லவில்லை. நானும் திருப்பவில்லை. ஆடி கழிந்ததும் விவாகரத்து கேட்டு வினோத்திடமிருந்து குத்தம்பாக்கத்துக்கு வக்கீல் நோட்டீஸ் வந்தது.