எட்டுத் தேர்தல்களும் ரிம்மா சவேல்யெவ்னாவும்

ரிம்மா சவேல்யெவ்னா தேர்தல் வேலைக்குப் போனது ஆசைப்பட்டு அல்ல. 1991 மே மாதம், தால்னி யார் நகரத்துப் பள்ளிக்கூடத்தில், "வாக்குச்சாவடிக் குழுவுக்கு யார் வர்றீங்க?" என்று தலைமையாசிரியை கேட்டபோது எல்லோரும் அவரவர் தேநீர்க் கோப்பைக்குள் எதையோ தேடினார்கள். கணக்கு டீச்சரான ரிம்மா மட்டும் ஜன்னல் வழியாகப் பனி உருகிய சேற்றில் ஒரு லாரி சிக்கித் தவிப்பதை வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் பெயரை எழுதிவிட்டார்கள். அப்போது அவளுக்கு முப்பத்துமூன்று வயது.

அதுவரை தேர்தல் என்றால் சீட்டில் ஒரே ஒரு பெயர் இருக்கும். மடித்துப் பெட்டியில் போட்டுவிட்டு, பக்கத்து மேசையில் விற்கும் ஆரஞ்சுப் பழத்தை வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போவார்கள். அந்த ஜூன் மாதம் ரஷ்யாவுக்கு முதன்முதலாக ஒரு ஜனாதிபதியைத் தேர்ந்தெடுக்க வேண்டும். சீட்டில் ஆறு பெயர்கள். காலை எட்டு மணிக்குக் கதவைத் திறந்தபோது வெளியே வரிசை நின்றது. துணி ஆலையின் முதல் ஷிப்டுப் பெண்கள் உதட்டுச் சாயம் பூசிக்கொண்டு வந்திருந்தார்கள். ஒரு கிழவர் மெடல்களைக் குத்திக்கொண்டு வந்து, திரைக்குப் பின்னால் போய், இருபது நிமிடம் வெளியே வரவில்லை. மயங்கி விழுந்துவிட்டாரோ என்று ரிம்மா எட்டிப் பார்த்தாள்.

"என்னம்மா அவசரம்? எழுபது வருஷமா யோசிக்க விடல. இப்பவாவது யோசிக்க விடுங்க" என்றார் அவர்.

ராத்திரி சீட்டுகளை எண்ணும்போது குழுவில் இருந்த ஒருவருக்கும் எப்படி எண்ணுவது என்று தெரியவில்லை. ரிம்மாதான் பத்துப் பத்தாக அடுக்கச் சொல்லிக் கொடுத்தாள். விடியும்போது கூட்டல் சரியாக வந்தது. எல்லோரும் கைதட்டினார்கள். கணக்கு சரியாக வந்ததற்குப் பெரியவர்கள் கைதட்டியதை அவள் வாழ்க்கையில் அன்று ஒருநாள்தான் பார்த்தாள்.

1996 தேர்தல் வீட்டுக்குள்ளேயே வந்துவிட்டது. கணவன் வதீம் ஆலையில் மெக்கானிக். மாமனார் யெமெல்யான் குஸ்மிச் ஓய்வுபெற்ற தச்சர், அவர்களோடுதான் இருந்தார். வதீம் பதவியில் இருந்தவர் பக்கம், மாமனார் கம்யூனிஸ்டு வேட்பாளர் பக்கம். முதல் சுற்று முடிந்து, இரண்டாம் சுற்றில் இவர்கள் இருவரின் ஆட்களும் மட்டும் மிஞ்சியதும், வீட்டில் பேச்சே நின்றுவிட்டது. அப்பாவும் பிள்ளையும் உப்பு வேண்டும் என்றால்கூட ரிம்மாவிடம்தான் சொல்வார்கள்.

"அந்த உப்பை உன் புருஷனோட ஜனநாயகம் தின்னுடுச்சான்னு கேளு" என்பார் கிழவர்.

"உன் மாமனார் வேணும்னா வரிசையில நின்னு வாங்கிக்கட்டும். அவருக்குத்தான் வரிசைன்னா உசிராச்சே" என்பான் மகன்.

ஜூலை மூன்றாம் தேதி காலை, ரிம்மா கிளம்பும்போது கிழவர் வாசலில் மறித்தார்.

"நீதானே எண்ணுவ? என் சீட்டு உன் கைக்கு வரும். உன் புருஷன் சீட்டும் வரும்."

"எல்லாச் சீட்டையும் ஒரே மாதிரிதான் மாமா எண்ணுவேன்."

கிழவர் கதவுப் பிடியிலிருந்து கையை எடுத்தார். "அது போதும்" என்று வழிவிட்டார்.

அவர்கள் சாவடியில் கிழவரின் வேட்பாளர் நாற்பது ஓட்டில் முந்தினார். நாடு முழுக்கத் தோற்றார். "நம்ம பூத்துல ஜெயிச்சோமில்ல" என்று சொல்லிக்கொண்டே கிழவர் அந்தக் குளிர்காலத்தில் செத்துப்போனார். யாருக்காகச் சண்டை போட்டானோ அவர் ஜெயித்தும் வதீமுக்கு ஆலையில் வேலை இல்லாமல் போனது. வடக்கே எரிவாயு வயல்களுக்குப் போனான். முதலில் கடிதம் வந்தது, பிறகு வாழ்த்து அட்டை வந்தது, பிறகு அங்கே அவனுக்கு இன்னொரு குடும்பம் இருக்கிற செய்தி வந்தது. ரிம்மா மகள் அல்யோனாவைத் தனியாக வளர்த்தாள்.

1999 டிசம்பர் முப்பத்தொன்று மத்தியானம், புத்தாண்டுக்காக வேகவைத்த உருளைக்கிழங்கை நறுக்கிக்கொண்டிருந்தபோது டிவியில் ஜனாதிபதி வந்தார். வழக்கமாக நள்ளிரவில் வருகிறவர், பன்னிரண்டு மணிக்கே வந்திருந்தார். முகம் உப்பியிருந்தது. தான் விலகுவதாகச் சொன்னார். நிறைவேறாமல் போன கனவுகளுக்காக மன்னிப்புக் கேட்டார். ரிம்மா கத்தியோடு அப்படியே நின்றாள். அவளிடம் யாரும் அதுவரை மன்னிப்புக் கேட்டதில்லை. வதீம் கேட்கவில்லை. ஆலையை மூடியவர்கள் கேட்கவில்லை. அந்த ஆளைப் பல வருஷமாகத் திட்டியவள், உருளைக்கிழங்குத் தோலின் மேல் கண்ணீர் விழ அழுதாள்.

"அம்மா, யாராவது செத்துட்டாங்களா?" என்று அல்யோனா ஓடிவந்தாள்.

"இல்ல. ஒருத்தர் களைச்சுப் போயிட்டார்."

அதற்குப் பிறகு வந்தவர் இளையவர், குடிக்காதவர், மளமளவென்று பேசுகிறவர். 2000 மார்ச்சில் ரிம்மாவும் அவருக்குத்தான் போட்டாள், அதை அவள் யாரிடமும் மறைத்ததில்லை. சம்பளம் தேதிக்கு வர ஆரம்பித்தது. பள்ளிக்கூடக் கூரையை மாற்றினார்கள். 2004, 2008 தேர்தல்களைப் பற்றிக் கேட்டால் அவளுக்குச் சட்டென்று ஒன்றும் நினைவுக்கு வராது. ஒன்றில் சாவடியில் விற்ற முட்டைக்கோஸ் பணியாரம் ரொம்ப நன்றாக இருந்தது. இன்னொன்றில் பனி கொட்டியது. திரைக்குப் பின்னால் யாரும் இருபது நிமிடம் நிற்பதில்லை. வரிசையும் இல்லை. யார் ஜெயிப்பார் என்று கேட்டு யாரும் வீட்டில் சண்டை போடவில்லை. உப்பைக் கேட்ட கையில் உப்பு வந்தது.

அவள் இதற்குள் குழுவின் செயலாளர் ஆகியிருந்தாள். புதுத் தலைமையாசிரியை நெல்லி விக்தரவ்னாதான் குழுத் தலைவி.

2012 மார்ச்சில் சாவடிக்குக் கேமரா வந்தது. அதோடு ஒரு பார்வையாளனும் வந்தான். அவளுக்குத் தெரிந்த தமாராவின் மகன் கிளெப், இருபத்தாறு வயது. ரிம்மாவிடம் கணக்குப் படித்தவன். பின்னங்களில் தகராறு செய்து தகராறு செய்து கடைசியில் முழு மதிப்பெண் வாங்கியவன். நோட்டும் பேனாவுமாக ஓர் ஓரத்தில் உட்கார்ந்து, உள்ளே வருகிற ஒவ்வொரு ஆளுக்கும் ஒரு கோடு போட்டான்.

மாலையில் எண்ணும் நேரம் வந்ததும், அவன் வேலைக்கு இடைஞ்சல் செய்வதாக நெல்லி விக்தரவ்னா எழுதிக் கொடுத்து அவனை வெளியே அனுப்பினாள். அவன் கத்தவில்லை. போகும்போது ரிம்மாவைத் திரும்பிப் பார்த்தான்.

"நீங்க உள்ள இருக்கீங்க இல்ல, ரிம்மா சவேல்யெவ்னா. அப்ப சரி" என்றான்.

எண்ணினார்கள். பத்துப் பத்தாக அடுக்கி, கூட்டல் சரியாக வந்தது. பதவிக்கு வரப்போகிறவரேதான் இந்தச் சாவடியிலும் முதலில் இருந்தார், அதில் சந்தேகமே இல்லை. ஆனால் வந்தவர்களின் எண்ணிக்கை குறைவு. நெல்லி விக்தரவ்னா தொலைபேசியை எடுத்துக்கொண்டு நடைக்குப் போனாள். திரும்பி வந்து, புதிதாக ஒரு அறிக்கைத் தாளை மேசையில் வைத்தாள்.

"பக்கத்துச் சாவடிங்க எல்லாம் எண்பது சதவீதத்துக்கு மேல. நாம மட்டும் ஐம்பதுன்னா நம்ம ஊரையே கேள்வி கேப்பாங்க. யாருக்கும் நஷ்டமில்ல ரிம்மா சவேல்யெவ்னா. ஜெயிச்சவர் ஜெயிச்சவர்தான்."

யாரும் அவளை மிரட்டவில்லை. பின்னாளில் அவளுக்கு அதுதான் உறுத்தியது. மிரட்டியிருந்தால் பயந்தேன் என்று சொல்லிக்கொண்டிருக்கலாம். ராத்திரி மணி இரண்டரை. காலை ஆறிலிருந்து காலில் நிற்கிறாள். காலணிக்குள் பாதம் வீங்கியிருந்தது. ஒன்பது மணிக்கு ஏழாம் வகுப்புக்குப் பாடம் எடுக்க வேண்டும். இல்லை என்றால் இன்னும் இரண்டு மணி நேரம் பேச வேண்டிவரும். அவளுக்கு வீட்டுக்குப் போக வேண்டும்போல் இருந்தது, அவ்வளவுதான். கையெழுத்துப் போட்டாள்.

வெளியே படிக்கட்டில் கிளெப் உட்கார்ந்திருந்தான். தொப்பியில் பனி.

"சரியா வந்துதா?" என்று கேட்டான்.

"வீட்டுக்குப் போ கிளெப். அம்மா தேடுவா" என்றாள்.

அவன் புரிந்துகொண்டான். அதன்பிறகு தெருவில் பார்த்தால் வணக்கம் சொல்வான், நிற்க மாட்டான்.

அவள் செயலாளர் பதவியை மட்டும் விட்டாள். குழுவை விடவில்லை. விட்டால் ஏன் என்று கேட்பார்கள். நடக்க முடியாதவர்களின் வீட்டுக்குப் பெட்டி கொண்டுபோகும் வேலையைக் கேட்டு வாங்கிக்கொண்டாள். அதில் எண்ண வேண்டியதில்லை. 2018 இல் அப்படித்தான் போனது. படுக்கையில் கிடக்கிற கிழவிகள் அவளுக்காகத் தலை வாரி, சுத்தமான தலைத்துணி கட்டிக் காத்திருப்பார்கள். ஓட்டுப் போடுவதற்கு அல்ல, யாரோ ஒருவர் வருகிறார்கள் என்பதற்காக. ஒருத்தி சீட்டை வாங்கிப் பெட்டியில் போட்டுவிட்டு, "மருந்துக் கடைக்கு யாராச்சும் போவீங்களா?" என்று கேட்டாள்.

2024 மார்ச்சில் தேர்தல் மூன்று நாள் நடந்தது. ரிம்மாவுக்கு அறுபத்தாறு வயது, முழங்கால் தேய்ந்திருந்தது. மூன்றாம் நாள் காலை, மழலைப் பள்ளியில் சமைக்கிற காலியாவும் அவளும் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பனிச்சேற்றில் நடந்தார்கள்.

"ஒரு நாள்ல முடியிற கல்யாணத்தை மூணு நாள் இழுத்தா மாப்பிள்ளை மாறிடவா போறான்?" என்றாள் காலியா.

"மெதுவாப் பேசு."

"மெதுவாத்தான் பேசுறேன் சவேல்யெவ்னா. வழுக்குது, கையைப் பிடிச்சுக்குங்க."

பட்டியலில் கடைசிப் பெயர் தமாரா. பக்கவாதம் வந்து ஒரு வருஷமாக வலது கை விழுந்துகிடந்தது. மூன்றாம் மாடி. லிஃப்ட் கிடையாது. ரிம்மா ஒவ்வொரு மாடித் திருப்பத்திலும் நின்றாள். மூச்சுக்காக மட்டும் இல்லை.

தமாரா சக்கர நாற்காலியில் சமையலறையில் இருந்தாள். எதிரே சர்க்கரை டப்பாவில் சாய்த்து வைத்த செல்போன். அதில் கிளெப்பின் முகம். ஒன்றரை வருஷத்துக்கு முன், போருக்கு ஆள் எடுத்த மாதத்தில், எல்லை தாண்டி ஜார்ஜியாவுக்குப் போனவன். அங்கே பிள்ளைகளுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுக்கிறான் என்று ஊரில் பேசிக்கொண்டார்கள். தாடி வைத்திருந்தான். முன்பக்கம் முடி கொட்டியிருந்தது.

"யார் வந்திருக்காங்க பாரு" என்றாள் தமாரா, இடது பக்கமாக மட்டும் சிரித்து.

"ரிம்மா சவேல்யெவ்னா" என்றான் அவன். "இன்னும் பெட்டி தூக்குறீங்களா?"

"இன்னும்தான்."

தமாரா இடது கையால் சீட்டில் கோணலாக ஏதோ குறித்து மடித்துப் பெட்டியில் போட்டாள். இனி கிளம்ப வேண்டியதுதான். ரிம்மா கோட்டுப் பொத்தானைப் போட்டாள், கழற்றினாள், நாற்காலியை இழுத்து உட்கார்ந்தாள்.

"ஆயிரத்து முந்நூத்தி நாலு பேர்ல அறுநூத்தி எழுபத்தொண்ணு" என்றாள்.

இணைப்பு அறுந்துவிட்டதோ என்று தமாரா திரையைத் தட்டினாள்.

"அன்னைக்கு வந்தவங்க. நீ கேட்டியே. சரியாத்தான் வந்தது. அதை மாத்தி ஆயிரத்து நூத்திப் பன்னெண்டுன்னு எழுதினோம். நானும் கையெழுத்துப் போட்டேன். யாரும் என்னைக் கட்டாயப்படுத்தல. தூக்கம் வந்துது எனக்கு."

கிளெப் குனிந்து எதையோ தேடினான். ஒரு பேனா. "அறுநூத்தி எழுபத்தொண்ணா? என் கோடு அறுநூத்தி அறுபத்தெட்டு. மூணு பேரை விட்டுட்டேன்."

"நீ டீ குடிக்கப் போனப்ப மூணு பேர் வந்தாங்க. உங்க தெரு செருப்புத் தைக்கிறவரும் அவர் பொண்ணுங்க ரெண்டும்."

"பன்னெண்டு வருஷம் ஞாபகம் வச்சிருக்கீங்களே."

"கணக்கு டீச்சர்டா நான். வேற என்ன தெரியும் எனக்கு?"

அவன் சிரித்தான். பிறகு சிரிப்பு நின்றது. "உங்க மேல ரொம்ப நாள் கோவம் இருந்துது" என்றான். "இப்ப இல்ல. மன்னிச்சுட்டேன்னு நினைச்சுக்காதீங்க. கோவப்படறதுக்குத் தெம்பு இல்ல, அவ்வளவுதான்."

"அதே போதும்" என்றாள் ரிம்மா.

அப்போதுதான் கதவருகே பெட்டியைக் கட்டிப் பிடித்துக்கொண்டு காலியா நிற்பது ரிம்மா, தமாரா இருவர் நினைவுக்கும் வந்தது. ரிம்மாவின் முகம் வெளுத்தது.

"எனக்கு இந்தக் காது மந்தம்னு உங்களுக்குத் தெரியாதா சவேல்யெவ்னா?" என்றாள் காலியா.

"எப்பலேருந்து?"

"இப்பலேருந்து. வாங்க, படி இறங்கவே உங்களுக்கு அரை மணி நேரமாகும்."

ஏப்ரலில் ரிம்மா விலகல் கடிதம் எழுதினாள். காரணம் என்ற இடத்தில் 'களைப்பு' என்று எழுதினாள். நெல்லி விக்தரவ்னா கண்ணாடியைக் கழற்றிப் பார்த்தாள்.

"இது ஒரு காரணமே இல்ல ரிம்மா சவேல்யெவ்னா. பட்டியல்ல கிடையாது. உடல்நலம்னு போடுங்க."

"எனக்கு உடம்பு நல்லாத்தான் இருக்கு."

"முழங்கால்?"

"முழங்கால் என்னோட விஷயம்."

நெல்லி விக்தரவ்னாவும் ஓய்வுபெற இரண்டு வருஷமே இருந்த பெண்தான். தாளை முன்னும் பின்னும் புரட்டினாள். கடைசியில் அதை அப்படியே கோப்பில் வைத்தாள். "யாரும் படிக்கப் போறதில்ல" என்றாள், மெதுவாக, ஆறுதல் சொல்கிற மாதிரி.

செப்டம்பரில் மாகாணத் தேர்தல் வந்தது. அந்த ஞாயிற்றுக்கிழமை ரிம்மா பழக்கத்தில் ஐந்து மணிக்கு எழுந்துவிட்டாள். சட்டை மாற்றிய பிறகுதான் போக வேண்டிய இடம் எதுவும் இல்லை என்று உறைத்தது. மறுபடியும் படுத்துப் பார்த்தாள், தூக்கம் வரவில்லை. பழைய காலணியைப் போட்டுக்கொண்டு, மண்வெட்டியோடு பஸ் பிடித்து ஊருக்கு வெளியே இருந்த தன் காய்கறித் தோட்டத்துக்குப் போனாள். இந்த வருஷம் உருளைக்கிழங்கு சிறுத்துத்தான் விளைந்திருந்தது. மழை வருவதற்குள் இரண்டு வரிசை தோண்டி முடித்தாள்.