மூளைக்கு மூன்று உறை

எங்கள் சித்தியைப் பெண் பார்க்க வந்தவர்கள் கடைசியில் பார்த்துவிட்டுப் போனது என்னவோ என் மண்டையைத்தான்.

அப்போது எனக்கு ஆறு வயது. சித்தி, அதாவது அம்மாவின் தங்கை, குன்னூரில் எங்கள் வீட்டில் தங்கி நர்சிங் படித்துக்கொண்டிருந்தாள். படிப்பென்றால் அவளுக்கு உயிர். அம்மாவின் அப்பாவான அப்பிச்சிக்கோ அவளைச் சீக்கிரம் கரையேற்றிவிட வேண்டும். கோயமுத்தூரில் ஒரு வரன் பிடித்தார். நல்ல இடம்தான், ஆனால் படிப்பை உடனே நிறுத்திவிட வேண்டுமாம். சித்தி அழுது பார்த்தாள். யார் காதில் வாங்கினார்கள்!

அவர்கள் வரும் நேரத்துக்குப் பட்டுப்புடவை கட்டிய சித்தி என்னைப் பின்பக்கம் இழுத்துப் போனாள். என் தலையில் மெல்லிய மல் துணியை ஒட்டி, ஒரு கை தண்ணீர் தெளித்தாள். அந்தக் குளிரில்! அதன்மேல் கம்பளிக் குல்லா, அதற்கும் மேல் தார்ப்பாய்த் துண்டு, எல்லாவற்றுக்கும் மேல் அப்பாவின் ஹெல்மெட். "நான் கூப்பிட்டா வா கண்ணு" என்றாள். எனக்குத் தலைகால் புரியாத பெருமை.

சித்தி எல்லோருக்கும் மைசூர்பாகு கொடுத்தாள். பிறகு என்னைக் கூப்பிட்டாள்.

"ஏனுங்க, பாப்பாவுக்குத் தலையில என்னங்க?" என்று மாப்பிள்ளையின் அம்மா பதறினார்.

"படிக்கிறமுங்க" என்று சித்தி ஹெல்மெட்டைக் கழற்றினாள். "இது மண்டை ஓடுங்க. உள்ள மூளைக்கு மூணு உறைங்க. இந்தக் கெட்டித் தார்ப்பாய் டியூரா மேட்டர். குல்லா அரக்னாய்டு, சிலந்தி வலையாட்ட இருக்கும். அதுக்கடியில தண்ணிங்க. கடைசியா இந்த மல் துணி பயா மேட்டர், மூளையோட ஒட்டிக் கெடக்கும்."

"புத்தகப் படத்துல பார்த்ததுங்களா?" என்று அந்த அம்மா கேட்டார்.

"ஐயோ, இல்லீங்க. போன வாரம் பொணத்துல உரிச்சுப் பார்த்தமுங்க. இதே கைதானுங்க!"

அந்த அம்மா கையிலிருந்த மைசூர்பாகைப் பார்த்தார். மெதுவாகத் தட்டிலேயே வைத்தார். காப்பி வருவதற்குள் கார் கிளம்பிவிட்டது.

அப்பிச்சி தலையில் கைவைத்து உட்கார்ந்துவிட்டார். என்னால்தான் கல்யாணம் நின்றுபோனது என்று நான் ஓவென்று அழுதேன். சித்தியோ சிரித்துக்கொண்டே என்னைத் தூக்கித் தட்டாமாலை சுற்றினாள். மிச்சமிருந்த மைசூர்பாகையெல்லாம் ஊட்டிவிட்டாள். திங்கட்கிழமை விடிந்ததும் குதித்துக்கொண்டு கல்லூரிக்குப் பஸ் ஏறினாள்.

கல்யாணம் நின்றதற்கு யாராவது இப்படிச் சிரிப்பார்களா என்று எனக்கு ஒன்றும் விளங்கவில்லை. அவள் கல்லூரியில் இருந்தது ஒரு பிளாஸ்டிக் மண்டை ஓடு மட்டும்தான் என்பதும் அப்போது எனக்குத் தெரியாது.