மொஸ்கோ பேப்பர் தூக்கிற வேலை

பழைய பேப்பர் எடையில்லாத சாமான் எண்டு நினைக்கிற ஆக்கள் என்ரை நாரி எலும்பை ஒருக்கா விசாரிச்சுப் பாக்கவேணும். மெல்பேர்ணிலை ஒரு பெரிய நூலகம். அதின்ரை நிலக்கீழ் அறையிலை பழைய பத்திரிகைகளை மாசம் மாசமாக் கட்டி அடுக்கியிருக்கு. ஆக்கள் கேக்கிற தொகுதியைத் தள்ளுவண்டிலிலை ஏத்தி மேலை வாசிப்பறைக்குக் கொண்டுபோறதுதான் என்ரை வேலை. அதிலை ஒரு சுவர் முழுக்கச் சோவியத் காலத்துப் பேப்பர். எனக்கு ரஷ்ய பாஷையிலை ஒரு எழுத்தும் தெரியாது, தலைப்பின்ரை வடிவத்தைப் பாத்துத்தான் எடுப்பன். என்னெண்டே தெரியாத பாரத்தைத் தூக்கித் தூக்கி நொந்துபோன தோழர்மாரே, இது உங்களுக்குத்தான்.

ஆறு பேப்பர், ஒரே படம்

சேர்ந்த முதல் கிழமையே நான் ஒரு பெரிய கண்டுபிடிப்புச் செய்தனான். ஒரே நாளிலை வந்த ஆறு பேப்பரை விரிச்சால், ஆறிலையும் முன்பக்கத்திலை அதே ஆள், அதே மேடை, அதே நீளப் பேச்சு. அஞ்சைக் கழிச்சுவிட்டால் இடமெல்லோ மிஞ்சும். ஓடிப்போய் ரெஜினா அக்காட்டைச் சொன்னன். அவ மன்னார் ஆள், கிரான்பர்னிலை இருந்து றெயினிலை வந்து வாசிப்பறைக் கவுண்டரிலை இருக்கிறவ. "தம்பி, உம்மைத் தூக்கத்தான் எடுத்தது, யோசிக்க இல்லை" எண்டா.

பக்கத்து மேசையிலை இருந்த போரிஸ் சிரிச்சார். அவர் சோவியத் நாட்டிலை இஞ்சினியரா இருந்தவர், செவ்வாய்க்கிழமை தவறாமல் வருவார். ஆறும் வேறை வேறை பேப்பர்தானாம். கட்சிக்கு ஒண்டு, அரசாங்கத்துக்கு ஒண்டு, தொழிற்சங்கத்துக்கு ஒண்டு. பேச்சு மட்டும் ஒரு எழுத்துப் பிசகாமல் எல்லாத்திலையும் வரவேணும். அவ்வளவு பெரிய நாடு முழுக்க, ஒரே காலமை, ஒரே வரியைக் கையிலை வைச்சுக்கொண்டு நிண்டதெண்டு நினைக்க எனக்கு உடம்பு புல்லரிச்சுப் போச்சு. போரிஸ் சொன்னார்: "நாங்கள் பேப்பரைப் பின்னுக்கிருந்து வாசிச்ச சனம். கடைசிப் பக்கத்திலைதான் உதைபந்தாட்டம். அதிலை மட்டுந்தான் ஆர் வெல்லுவினம் எண்டு முதலே தெரியாது."

பேர் வரிசை

இன்னொருநாள் போரிஸ் ஒரு பெரிய தலைவர் செத்த அண்டைய பேப்பரைக் கேட்டார். கறுப்புக் கரை போட்டு, பக்கம் முழுக்கப் புகழ்மாலை. மனிசன் அதைத் திரும்பியும் பாக்கேல்லை. விரலை நேரை அடியிலை கொண்டுபோனார். கையெழுத்து வைச்ச ஆக்களின்ரை பேர் அங்கை வரிசையா இருந்தது. "இவர் போன மாசம் மூண்டாவது, இப்ப ஏழாவது. கதை முடிஞ்சுது" எண்டார். ஒருக்கா ஒரு பேர் வரிசையிலையே இல்லாமல் போகேக்கை, போரிஸின்ரை தொழிற்சாலை முகாமையாளர் ஒருத்தரும் சொல்லாமலே சுவரிலை இருந்த அந்த ஆளின்ரை படத்தைக் கழட்டி அலுமாரிக்குப் பின்னாலை வைச்சாராம்.

ஒரு வசனம் வாசிக்காமல், பேரை மட்டும் எண்ணி ஒரு அரசாங்கத்தின்ரை வீட்டுச் சண்டையை அந்த மனிசன் விளங்கப்படுத்தினார். நான் வாயைப் பிளந்துகொண்டு நிண்டன். ரெஜினா அக்காவுக்கு அது ஒரு புதினமாவே தெரியேல்லை. "ஏன், எங்கட மரண அறிவித்தலிலை மூத்த மருமகன்ரை பேர் கீழை போனால் அவர் செத்தவீட்டுக்கு வருவாரோ?"

ஆடின மேசை

வாசிப்பறையிலை ஒரு மேசை ஆடும். பேப்பர்ப் பக்கமொண்டைப் போட்டோக்கொப்பி எடுக்கேக்கை பழுதாப்போன ஒரு தாளை நாலா மடிச்சுக் காலுக்குக் கீழை செருகினன். அந்த மேசையிலை இருந்தவ லுட்மிலா. எழுபது வயசிருக்கும், நிமிர்ந்து நடக்கிற மனிசி. மூண்டு கிழமையா ஒவ்வொரு நாளும் வந்து கட்சிப் பேப்பரை ஒரு பக்கமும் விடாமல் பிரட்டிக்கொண்டிருந்தா. நான் அவவை அன்ரி எண்டுதான் கூப்பிடுவன், அவவும் மறுக்கேல்லை.

அன்ரி குனிஞ்சு பாத்தா. பேந்து நோகிற முழங்காலை மடிச்சு நிலத்திலை இருந்து, அந்தத் தாளை இழுத்தெடுத்து, சுருக்கம் எடுத்து மேசையிலை வைச்சா. தாளிலை ஒரு தலைவற்றை முகம். சின்னனிலை அவையின்ரை வீட்டிலை பேப்பரிலை மீன் சுத்த முதல் ரெண்டு பக்கமும் பாப்பினமாம், முகம் கிடக்கோ எண்டு. ஆரும் கண்டுபோய்ச் சொல்லிப்போட்டால் விசாரிக்க வீட்டுக்கு ஆள் வந்திடும். அன்ரிக்கு முகம் சிவந்துபோச்சு. "இது அவுஸ்திரேலியா எண்டு எனக்குத் தெரியும் தம்பி. என்ரை கைக்குத்தான் இன்னும் ஒருத்தரும் சொல்லேல்லை."

அண்ணன்ரை கடிதம்

அண்டைக்குத்தான் அவ தேடுறது என்னெண்டு சொன்னா. அவவின்ரை தகப்பன் பள்ளிக்கூட வாத்தியார். நாட்டை விட்டுப் போக அனுமதி கேட்டு எழுதினவர். கொஞ்ச நாளிலை கட்சிப் பேப்பரிலை ஒரு கடிதம் வந்தது. 'இப்பிடிப்பட்ட துரோகிக்கு மகனாப் பிறந்ததுக்கு வெக்கப்படுறன்.' கீழை தொழிற்சாலையிலை வேலை செய்த அண்ணன்ரை பேர். அவையின்ரை தெருவிலை ஒரு பலகையிலை கண்ணாடிக்குள்ளை பேப்பரை ஒட்டியிருக்கும். தகப்பன் பனிக்குள்ளை நிண்டு அதைக் கடைசி வரி வரைக்கும் வாசிச்சார். சாகுமட்டும் மகன்ரை பேரைப் பிறகு சொல்லேல்லை.

தான் எழுதேல்லை, தொழிற்சாலைக் கந்தோரிலை கொண்டுவந்து தந்ததுக்கு வாசிக்காமல் கையெழுத்துத்தான் போட்டனான் எண்டு அண்ணன் சத்தியம் பண்ணினவராம். அன்ரி நம்பேல்லை. ரெண்டு பேரும் இந்த நாட்டுக்கு வந்தும் ஒரு கதை பேச்சு இல்லை. இப்ப அண்ணன் சிட்னியிலை, பரமட்டாப் பக்கத்து ஆஸ்பத்திரி ஒண்டிலை கடைசி நாளை எண்ணிக்கொண்டு கிடக்கிறார். தங்கச்சியைப் பாக்கவேணும் எண்டு கேக்கிறாராம். கடிதத்தைத் திரும்ப ஒருக்கா வாசிக்காமல் இவ போறதாயில்லை. "அவன் எழுதினதெண்டால் நான் போகமாட்டன். தனியச் சாகட்டும்."

பிழையான தொகுதி

அடுத்த நாள் அடுத்த மாசத்துத் தொகுதியைக் கேட்டா. நான் அவசரத்திலை கட்சிப் பேப்பரோடை அதே மாசத்து அரசாங்கப் பேப்பரின்ரை தொகுதியையும் சேத்துத் தூக்கிக்கொண்டு போயிட்டன். ரெஜினா அக்கா பிழையெண்டு பதிஞ்சுபோட்டு, திருப்பி எடுக்கச் சொன்னா. நான் போகேக்கை அன்ரி கடிதத்தைக் கண்டுபிடிச்சு, அதுக்கு மேலை கையை வைச்சுக்கொண்டு இருந்தா. முதல் கிழமைப் பழக்கத்திலை நான் பிழையான தொகுதியையும் அதே நாளுக்கு விரிச்சுப் பாத்தன். அதிலையும் அதே இடத்திலை, அதேயளவு பெட்டிக்குள்ளை ஒரு கடிதம். எனக்கு வாசிக்கத் தெரியாது, ஆனால் வடிவம் பாக்கத் தெரியும். முதல் வரி கட்டை, நடுவிலை ஒரு நீளக் கோடு, முடிவிலை ரெண்டு ஆச்சரியக்குறி. ரெண்டும் ஒரே வடிவம்.

"அன்ரி, இதையும் ஒருக்காப் பாருங்கோ."

வேறை ஊரிலை பால் கறக்கிற ஒரு பொம்பிளை, தன்ரை புருஷனைப் பற்றி எழுதின கடிதமாம். அன்ரி ஒரு விரலை அதிலையும் மற்ற விரலை இதிலையும் வைச்சு வரிவரியாக் கீழை இறங்கினா. வெக்கமும் அதே, துரோகியும் அதே, நாடு போட்ட பாணைத் திண்டிட்டு எண்ட வசனமும் அதே. அப்பா இருந்த இடத்திலை புருஷன், அவ்வளவுதான் வித்தியாசம். ஒரே நாளிலை ஒரு மகனையும் ஒரு பெண்சாதியையும் ஒரே வாயாலை கதைக்க வைச்ச கை எவ்வளவு பெரிய கை எண்டு நினைக்க எனக்குப் பயமாவே வந்திட்டுது.

அன்ரி கேட்டா. "சரி, எழுதினது வேறை ஆள். ஆனால் மனிசர் வாசிக்காமல் கையெழுத்துப் போடுவினமோ?"

இந்த நாட்டிலை நான் ஒருத்தருக்கும் சொல்லாத கதை அது. ஊரிலை ஆமிக்காரரிட்டைப் பிடிபட்டு இருக்கேக்கை எனக்கு முன்னாலை ஒரு கடதாசி வைச்சவை. முழுக்கச் சிங்களம், எனக்கு வாசிக்கத் தெரியாது. அதிலை என்ன இருந்தது எண்டு இண்டைக்கும் தெரியாது.

"ஓம் அன்ரி, போடுவினம். நானும் போட்டனான்."

அன்ரி என்ரை முகத்தைப் பாத்தா. பேந்து போனை எடுத்துக்கொண்டு வெளியிலை போனா. பத்து நிமிஷத்தாலை திரும்பி வந்து, பின்னேரம் சிட்னிக்குப் பிளேன் இருக்கோ எண்டு ரெஜினா அக்காட்டைக் கேட்டா. அக்கா கதிரையை இழுத்துப்போட்டு இருத்தினா. அன்ரி அழுதுகொண்டே சொன்னா: "எனக்கு அவன்ரை குரலை அடையாளம் பிடிக்கேலாமல் போச்சு. நான் ஹலோ எண்டு முடிக்க முதல் அவன் என்ரை பேரைச் சொல்லிப்போட்டான்."

அண்டைய பதிவிலை என்ரை பேருக்கு நேரை 'பிழையான தொகுதி' எண்டு இன்னும் கிடக்குது, அழிச்சுவிடவோ எண்டு ரெஜினா அக்கா கேட்டவ, நான் விடேல்லை.