நான் எழுதிய நரிக்கதை

எங்கள் பக்கம் கல்யாண மண்டபத்து வாசலில் மாப்பிள்ளையின் நண்பர்கள் பிளக்ஸ் வைக்காவிட்டால் அது கல்யாணமே இல்லை. நடுவில் மணமக்கள், சுற்றிலும் கூலிங்கிளாஸ் போட்ட நண்பர்கள், கீழே மாப்பிள்ளையை வாரும் நாலு வரி. அந்த நாலு வரியை எழுதுகிறவன் நான். அரியலூரில் ஒரு பிளக்ஸ் கடையில் டிசைனராக இருந்தேன். குழந்தைகளுக்குச் சொல்லும் கதையை எடுத்து முதலிரவுக்குத் திருப்பிவிடுவதுதான் என் கைவரிசை. முயல் ஆமைப் பந்தயத்தை நான் கட்டிலில் ஓடவிட்டதை ஜெயங்கொண்டத்தில் பைக்கை நிறுத்திப் படித்தார்கள், ஸ்டேட்டஸ் வைத்தார்கள். எனக்குத் தலைகால் புரியவில்லை.

அடுத்த கல்யாணம் விக்கிரமங்கலத்துக்காரனுக்கு. பத்தாவது வரை என்னோடு ஒரே பெஞ்சு. நடையில் ஒரு நளினம், பேச்சில் ஓர் இழுப்பு. பள்ளியில் அவனை என்னென்ன சொல்லிக் கூப்பிட்டார்கள் என்று இங்கே எழுத மாட்டேன். அதில் பாதியைக் கண்டுபிடித்தவன் நான்தான்.

என்னைப் பற்றி ஒன்று அவனுக்கு மட்டும் தெரியும். பதினைந்து வயதில், ஒரு கோடை லீவில், முந்திரிக்காட்டுக்குள் அவன் அக்காவின் தாவணியைக் கட்டிக்கொண்டு கும்மியடித்தோம். அவன் ஒருநாள் கட்டினான். நான் அந்த லீவு முழுக்கக் கட்டினேன். கழற்ற மனமில்லாமல் அழுதும் இருக்கிறேன். அதை வெளியே சொல்லிவிடுவானோ என்ற பயத்தில்தான் எல்லோருக்கும் முந்தி அவனைக் கேலி செய்துகொண்டிருந்தேன்.

அவனுக்குச் சாயத்தொட்டியில் விழுந்த நரியை எடுத்தேன். நீல நிறத்தில் எழுந்துவந்து காட்டுக்கு ராஜாவாகி, மற்ற நரிகள் ஊளையிட்டதும் தானும் ஊளையிட்டு மாட்டிக்கொள்ளுமே, அந்த நரி. என் கதையில் ராஜாவுக்கு முதலிரவு. வெளியே பெண்கள் கும்மியடிக்கும் சத்தம் கேட்கிறது. ராஜா கட்டிலை விட்டுக் குதித்து, ராணியின் சேலையை வாங்கிக் கட்டிக்கொண்டு ஆட ஓடிவிடுகிறார். கீழே ‘சாயம் வெளுத்த ராஜாவுக்கு வாழ்த்துகள்’ என்று போட்டு, பத்தடிக்கு எட்டடி அடித்துக் கட்டினேன். நண்பர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

முகூர்த்தத்தன்று பெண்வீட்டுப் பிள்ளைகள் வாசலில் நின்று அதை எழுத்துக்கூட்டிப் படித்தார்கள். பிறகு மேடைக்கு முன்னால் வந்து மாப்பிள்ளையைப் பார்த்து ஊளையிட்டார்கள். பெண் தலை நிமிரவில்லை. பெண்ணின் தாய்மாமன் விறுவிறுவென்று மேடையேறினார்.

“மாப்ள, வாசல்ல என்னங்க எழுதி வச்சிருக்காங்க? ஏதாச்சும் இருந்தா இப்பவே சொல்லிடுங்க. தாலி இன்னும் ஏறல.”

நான் முதல் வரிசையில் இருந்தேன். ‘எழுதுனவன கேளுங்க, யாரு தாவணி கட்டுனான்னு’ என்று அவன் ஒரு வார்த்தை சொன்னால் போதும், அதோடு நான் தீர்ந்தேன். எனக்கும் அப்போதுதான் பெண் பேசி முடித்திருந்தார்கள். இந்தக் கல்யாணம் நின்றுபோனால்கூட நல்லதுதான், பேச்சு அவனோடு போய்விடும் என்று நினைத்தேன். மனதார நினைத்தேன்.

அவன் என்னைப் பார்த்தான். பிறகு, “சும்மா வெளையாட்டு மாமா. இவன் எல்லார் கல்யாணத்துக்கும் இப்டித்தான் எழுதுவான்” என்றான்.

“ஆமாங்க மாமா, வெளையாட்டுக்குதான்” என்று எழுந்து நின்று, மண்டபத்திலேயே சத்தமாகச் சிரித்தவன் நான்.

தாலி ஏறியது. போட்டோவுக்கு நிற்கும்போது அவன் என் தோளில் கைபோட்டுக் காதருகே குனிந்தான். திட்டப்போகிறான் என்று பல்லைக் கடித்துக்கொண்டேன்.

“நீ ஏன்டா இவ்ளோ பயப்புடுற? நான் சொல்லமாட்டன்டா.”

செருப்பால் அடித்திருந்தால் தேவலை. என்னைக் காப்பாற்றியவன்மேல் எனக்கு வந்தது வெறுப்புதான், அது இன்றுவரை போகவில்லை. இரண்டு மாதம் கழித்து என் கல்யாணம். ஊர் முழுக்கப் பத்திரிகை வைத்தேன். அவனை மட்டும் கூப்பிடவில்லை.