நான் கையெழுத்துப் போடாத திங்கட்கிழமை

யேசுவின் பெயரால் இங்கே கூடியிருக்கும் உங்களுக்கு முன்னால் எழுந்து நிற்க எனக்கு இத்தனை வருடம் எடுத்தது. இன்றைக்கும் சொல்லாமல் போனால் நன்றி கெட்டவளாகிவிடுவேன்.

அந்தத் தவக்காலம் முழுவதும் என் கணவரின் வள்ளம் பேசாலைக் கரையில் ஏற்றிவைத்தபடியே கிடந்தது. கடலுக்குப் போக அவருக்குக் கொடுத்திருந்த பாஸைத் திருப்பி வாங்கிவிட்டார்கள். காரணம் அவர் இல்லை, நான்தான். காலையில் மற்ற வள்ளங்கள் கரைக்கு வரும் சத்தம் கேட்கும். அவர் வேலியைப் பார்த்துக்கொண்டிருப்பார். நான் குசினிக்குள் போய் நின்று அழுவேன். ஆண்டவர் எங்களைக் கைவிட்டுவிட்டார் என்றே நினைத்தேன்.

ஆனால் அந்தக் கஷ்டத்தை மட்டும் சொன்னால் இது பாதிச் சாட்சிதான். அதற்கு முன் நான் செய்த பாவத்தையும் சொல்ல வேண்டும்.

என் பெயர் றெஜினா. தொண்ணூறுகளின் நடுப்பகுதி அது, சண்டைக் காலம். மன்னாரில் ஒரு அரசாங்கக் கந்தோரில் எழுதுவினைஞராக இருந்தேன். என் அம்மா சிலாபத்துப் பக்கம். அதனால் சிங்களம் பேசவும் வாசிக்கவும் எனக்குச் சின்ன வயதிலிருந்தே தெரியும். அந்தக் காலத்தில் ஆட்களைப் பிடித்து விசாரிக்கும் ஓர் இடத்துக்கு மொழிபெயர்க்க ஆள் தேவைப்பட்டால் என்னைத்தான் கூப்பிடுவார்கள். எந்த இடம், யார் அதிகாரி என்று சொல்ல மாட்டேன். மன்னித்த பிறகு பெயர் சொல்லி என்ன பயன்?

வேலை சுலபமாகத்தான் இருந்தது. பிடிபட்டவர் தமிழில் சொன்னதைச் சிங்களத்தில் எழுதி வைத்திருப்பார்கள். அதை அவருக்குத் தமிழில் வாசித்து விளங்கப்படுத்தினேன், அவர் சரி என்று ஒத்துக்கொண்டார் என்று அடியில் நான் கையெழுத்துப் போட வேண்டும். முதல் சில தடவை வாசித்துச் சொன்னேன். பிறகு, "நேரமில்லை மிஸ், கையெழுத்தை மட்டும் போடுங்கள்" என்றார்கள். போட்டேன். சில நேரம் பிடிபட்டவரை நான் காணவே மாட்டேன், பேப்பர் மட்டும் கந்தோருக்கு வரும். அதற்கும் போட்டேன். மறுத்தால் என்ன நடக்கும் என்ற பயம் எனக்கு இருந்தது. என் கணவருக்குப் பாஸ் தருவதும் அதே ஆட்கள்தானே.

ஞாயிற்றுக்கிழமைகளில் நான் கோயிலில் மறைக்கல்வி படிப்பித்தேன். பொய்ச்சாட்சி சொல்லக்கூடாது என்ற கட்டளையைப் பிள்ளைகளுக்கு விளக்குவேன். அடுத்த நாளே பொய்ச்சாட்சிக்குக் கையெழுத்துப் போடுவேன். இரண்டும் ஒரே கைதான் என்று எனக்கு உறைக்கவே இல்லை.

தவக்காலம் தொடங்கிய முதல் வெள்ளிக்கிழமை என்னைக் கூப்பிட்டார்கள். போனேன். கதிரையில் ஒரு பெண் இருந்தாள். முப்பது வயது இருக்கும். பெயர் மாரியாயி. மலையகத்திலிருந்து கலவரத்துக்குத் தப்பி வந்து, முருங்கனுக்கு அங்கால் ஒரு கிராமத்தில் குடியேறிய சனம். நாள்கூலிக்குப் போகிறவள். மன்னார் ஆஸ்பத்திரிக்கு வந்துவிட்டுத் திரும்பிப் போகையில் சோதனைச் சாவடியில் அவளுடைய பையில் நான்கு டோர்ச் பற்றரி இருந்தது. அரசாங்கத்தோடு சண்டை பிடித்த இயக்கத்தின் கையில் இருந்த பக்கம் அது; அங்கே பற்றரி கொண்டுபோகத் தடை. அதற்காகப் பிடித்திருந்தார்கள்.

பொறுப்பதிகாரி எனக்குத் தேத்தண்ணீர் தரச் சொல்லிவிட்டு, பேப்பரை என் பக்கம் தள்ளினார். நான் பேனையைத் திறந்தேன். அப்போது அந்தப் பெண் என்னைப் பார்த்துச் சொன்னாள்.

"அக்கா, நீங்க தமிழ்தானே? அதுல என்னா எழுதியிருக்காங்கன்னு கொஞ்சம் வாசிச்சுச் சொல்லுங்க."

அதுவரை என்னிடம் யாருமே அப்படிக் கேட்டதில்லை. நான் பேப்பரைப் பார்த்தேன். இயக்கத்துக்குத் தொடர்ந்து சாமான் கடத்திக் கொடுத்தவள், அவர்கள் சொல்லித்தான் இதையும் கொண்டுபோனாள் என்று எழுதியிருந்தது. அது நீதிமன்றத்துக்குப் போனால் அவள் எத்தனை வருடம் உள்ளே இருப்பாள் என்று யாருக்கும் தெரியாது. பேனையை மூடினேன். தலை சுற்றுகிறது என்று பொய் சொன்னேன். திங்கட்கிழமை வருகிறேன் என்று சொல்லிவிட்டு ஓடி வந்துவிட்டேன்.

சனிக்கிழமை பின்னேரம் பாவசங்கீர்த்தனத்துக்குப் போனேன். எல்லாவற்றையும் சொன்னேன். பங்குச் சுவாமி கேட்டார்:

"இப்பிடி எத்தினை பேருக்குப் போட்டனீங்கள்?"

"தெரியாது சுவாமி. எண்ணேல்லை."

அவர் சொன்னார்: "ஆண்டவர் மன்னிப்பார், அதில சந்தேகம் வேண்டாம். ஆனா திங்கக்கிழமை அந்தப் பேப்பருக்கு முன்னால நீங்கள்தான் இருக்கப் போறியள். உங்களுக்காக நான் அங்க வந்து இருக்க ஏலாது. செபிக்க மட்டும்தான் ஏலும்."

வீட்டுக்கு வந்து என் கணவர் சூசையிடம் சொன்னேன். அவர் கிழிந்த வலையைப் பொத்திக்கொண்டிருந்தார்.

"போடாட்டி என்ட பாஸை எடுப்பாங்கள்," என்றார்.

"ஓம்."

"உன்னையும் உள்ளுக்குப் போடுவாங்களோ தெரியாது."

"ஓம். தெரியாது."

வலையைக் கீழே வைத்துவிட்டு எழுந்தார். எனக்கு ஏசப்போகிறார் என்று நினைத்தேன். "அந்தப் பிள்ளைக்கு வாசிச்சுச் சொல்லு," என்றார். "பிறகு வாறதைப் பாப்பம்." அதற்குமேல் அவர் அதைப் பற்றிப் பேசவே இல்லை. அந்த மனிதனை எனக்குத் தந்ததற்கே நான் ஆண்டவருக்கு வாழ்நாள் முழுக்க நன்றி சொல்ல வேண்டும்.

திங்கட்கிழமை போனேன். போகும் வழியெல்லாம், எனக்குப் பயமாக இருக்கிறது ஆண்டவரே, என்ற ஒரே வார்த்தைதான் என் வாயில் வந்தது. அதையே செபமாகச் சொன்னேன்.

பேப்பரை எடுத்து மாரியாயிக்கு ஒவ்வொரு வரியாகத் தமிழில் வாசித்தேன். பாதி வருவதற்குள் அவள் நெஞ்சில் கை வைத்தாள்.

"ஐயோ அக்கா, நான் அப்பிடிச் சொல்லவே இல்லையே! எங்க வீட்டுக்காரரு வயலுக்குக் காவல் போறாருங்க. யானை வருது. டோர்ச்சுல பற்றரி இல்ல. அதுக்குத்தான் வாங்கினேன். அதைத்தானே நான் சொன்னேன்."

அதிகாரி என்னைப் பார்த்து, "என்ன சொல்கிறாள்?" என்று சிங்களத்தில் கேட்டார். அவள் சொன்னதை ஒரு சொல் விடாமல் சிங்களத்தில் சொன்னேன்.

அவர் சிரித்தார். "சரி மிஸ், நீங்கள் கையெழுத்தைப் போடுங்கள்."

"பே, மாத்தயா," என்றேன். முடியாது ஐயா என்று அர்த்தம். பேப்பரை அவர் பக்கம் திருப்பித் தள்ளினேன்.

அந்த அறையின் மூலையில் ஒரு சார்ஜன்ட் பெரிய கொப்பி ஒன்றில் எழுதிக்கொண்டிருந்தார். வயது போனவர். மணிக்கட்டில் பௌத்தர்கள் கட்டும் பிரித் நூல் கட்டியிருந்தார். அவர் தலையை நிமிர்த்தி என்னை ஒரு தடவை பார்த்தார். பிறகு குனிந்து எழுதத் தொடங்கினார். அதிகாரி சத்தம் போட்டு என்னை வெளியே போகச் சொன்னார். வாசலில் தேத்தண்ணீர்த் தட்டோடு நின்று கேட்டுக்கொண்டிருந்த பெண்ணைத் தாண்டி வந்தேன்.

அடுத்த நாளே சூசையின் பாஸை வாங்கிவிட்டார்கள். அதன் பிறகு வந்த நாட்களைத்தான் தொடக்கத்தில் சொன்னேன். பக்கத்து வீட்டு மதலேன் அக்கா கறிக்கு மீன் கொண்டுவந்து தருவா. "இண்டைக்குக் கனக்கப் பட்டது பிள்ளை," என்பா. பட்டிருக்காது என்று எனக்குத் தெரியும். அவவின் வீட்டிலும் வாய்கள் இருந்தன.

இன்னொரு இடி விழுந்தது. அந்தப் பேப்பரில் வேறொருவரைக் கொண்டு கையெழுத்துப் போடுவித்துவிட்டார்கள். மாரியாயிக்காகச் சுவாமி தேடிப் பிடித்த வழக்கறிஞர் வீட்டுக்கு வந்து அதைச் சொன்னபோது எனக்கு இருக்கவும் முடியவில்லை, நிற்கவும் முடியவில்லை.

"நீங்கள் வந்து சாட்சி சொன்னாலும் அது உங்கட சொல் மட்டும்தான் அம்மா," என்றார் அவர். "அங்க பேப்பர் இருக்கு. வேற ஆரும் அதைக் கேட்டவையோ?"

"அங்க இருந்ததெல்லாம் அவையின்ட ஆக்கள்தான்," என்றேன்.

அன்று மத்தியானம் கோயிலுக்குப் போனேன். ஒருவரும் இல்லை. பீடத்துக்கு முன்னால் முழங்காலில் நின்றேன். பாஸைக் கேட்கவில்லை. என்னைக் காப்பாற்றும் என்றும் கேட்கவில்லை. கேட்க எனக்கு வாய் வரவில்லை. ஆண்டவரே, உண்மைக்கு இன்னுமொரு சாட்சியைத் தாரும் என்று மட்டும் கேட்டேன். ஒவ்வொரு நாளும் மத்தியானம் போய் அதையே கேட்டேன். தேத்தண்ணீர் கொண்டுவந்த பெண்ணின் மனதை ஆண்டவர் திறப்பார் என்று நம்பியிருந்தேன். அவள் தமிழ், எங்கள் கோயில் பங்கைச் சேர்ந்தவள். ஆனால் அவள் என்னைக் கண்டால் மற்றப் பக்கத்தால் போனாள். அவளைக் குறை சொல்ல மாட்டேன். நானும் அப்படித்தானே இருந்தேன்.

உயிர்ப்புத் திருநாள் வந்தது, போனது. வைகாசியில் வழக்குக் கூப்பிட்டார்கள்.

சாட்சிக் கூண்டில் ஏறினேன். நடந்ததைச் சொன்னேன். அரச தரப்பு வழக்கறிஞர் எழுந்து என்னைக் கேட்ட கேள்வி இன்றைக்கும் என் காதில் இருக்கிறது.

"இதற்கு முன்னர் இவ்வாறான பல ஆவணங்களில் கையொப்பமிட்டிருக்கிறீர்கள். அவை எல்லாவற்றையும் வாசித்துக் காட்டித்தானே கையொப்பமிட்டீர்கள்?"

ஓம் என்று சொன்னால் நான் நல்லவளாகத் தெரிவேன். கேட்டுக்கொண்டிருந்தவர்களில் எங்கள் ஊர்ச் சனமும் இருந்தது. சூசை பின்னால் வாங்குப் பலகையில் இருந்தார். மாரியாயி தலையைக் குனிந்தபடி இருந்தாள்.

"இல்லை," என்றேன். "கனக்கப் பேப்பருக்கு வாசிக்காமல்தான் போட்டனான். அது பாவம். அந்தப் பாவத்தைத் திரும்பச் செய்ய ஏலாமல்தான் இதுக்குப் போடேல்லை."

கூண்டைவிட்டு இறங்கினேன். எல்லாம் முடிந்தது, இனி என் சொல்லை யார் நம்புவார்கள் என்றுதான் நினைத்தேன்.

அடுத்து அந்தச் சார்ஜன்டைக் கூப்பிட்டார்கள். அன்றைய பதிவுக் கொப்பியைக் காட்டுவதற்காகத்தான் அரச தரப்பு அவரைக் கூப்பிட்டது. எங்கள் வழக்கறிஞர் எழுந்து, அந்தத் திங்கட்கிழமைப் பக்கத்தை முழுக்க வாசிக்கும்படி கேட்டார். சார்ஜன்ட் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வாசித்தார். மொழிபெயர்ப்பாளர் தமிழில் வாசித்துக் காட்டியபோது, இது தான் சொன்னதல்ல என்று சந்தேகநபர் மறுத்தார், அதனால் மொழிபெயர்ப்பாளர் கையொப்பமிட மறுத்தார் என்று, நேரத்தோடு அதில் எழுதியிருந்தது.

"இது யாருடைய எழுத்து?" என்று நீதிபதி கேட்டார்.

"என்னுடையது, ஐயா."

"அது நடந்ததா?"

"நடந்தது, ஐயா."

இவ்வளவுதான். நான் முகத்தை மூடிக்கொண்டு அழுதேன். நீதிபதி அந்த வாக்குமூலத்தை ஏற்கவில்லை. இரண்டு கிழமைக்குள் மாரியாயி வெளியே வந்தாள்.

சகோதரங்களே, இதைக் கவனியுங்கோ. நான் கேட்ட சாட்சியை ஆண்டவர் தந்தார். ஆனால் நான் தேடிய இடத்திலிருந்து தரவில்லை. என் மொழி பேசாதவர், என் கோயிலுக்கு வராதவர், எனக்கு எதிர்ப்பக்கம் என்று நான் எழுதிவைத்திருந்த ஒருவரிடமிருந்து தந்தார். நான் அந்தச் செபத்தைச் செய்யத் தொடங்க முன்னரே, அவர் அந்த வரியை எழுதி முடித்திருந்தார்.

நீதிமன்ற வாசலில் அவருக்கு நன்றி சொல்லப் போனேன். அவர் கூச்சப்பட்டார். "கேட்டதை எழுதினேன், மிஸ். அது என் வேலை," என்று சிங்களத்தில் சொல்லிவிட்டு ஜீப்பில் ஏறினார். கொஞ்ச நாளில் அவரை வேறு ஊருக்கு மாற்றிவிட்டார்கள் என்று கேள்விப்பட்டேன். அவரை நான் பிறகு காணவில்லை.

புதிதாக வந்த அதிகாரி ஆனி மாதத்தில் சூசையின் பாஸைத் திருப்பிக் கொடுத்தார். முதல் நாள் சூசை கொண்டுவந்த மீனில் பாதியை மதலேன் அக்கா வீட்டுக்குக் கொண்டுபோய்க் கொடுத்தேன். அவ வாங்க மாட்டேன் என்று சண்டை பிடித்தா. சட்டிக்குள் போட்டுவிட்டு வந்தேன்.

அந்தச் சந்தோசத்தோடு கதை முடியவில்லை. நான் கூண்டில் சொன்னது ஊரெல்லாம் பரவியது. எங்கள் பங்கைச் சேர்ந்த ஒரு பெண் வீட்டுக்கு வந்து வாசலில் நின்று கேட்டாள்: "என்ட தம்பியின்ட பேப்பரிலயும் நீங்களோ போட்டது?"

"தெரியாது," என்றேன். "போட்டிருப்பன்."

அவள் என்னை அடித்திருந்தால் வாங்கியிருப்பேன். அவள் வாசலிலேயே இருந்து அழுதாள். அடுத்த நாள் இருவரும் சேர்ந்து அந்த வழக்கறிஞரிடம் போனோம். வாசிக்காமல் கையெழுத்துப் போட்டதை எழுதிக் கொடுத்தேன். அவளுடைய தம்பி அடுத்த நத்தார்ப் பண்டிகைக்கு வீட்டில் இருந்தான். எல்லோரும் அப்படி வரவில்லை. அவர்களுக்காக இன்றுவரை செபிக்கிறேன், அந்தப் பாரம் என்னோடு இருக்கட்டும்.

கந்தோரில் இருந்து இளைப்பாறும் வரை, விரல் அடையாளம் வைக்க வந்த ஒருவரையும் நான் வாசித்துச் சொல்லாமல் வைக்க விட்டதில்லை. வரிசை நீளும். "இவவிட்டப் போனா நேரம் போகும்," என்று சனம் முணுமுணுக்கும். முணுமுணுக்கட்டும் என்று வாசித்தேன். வேலை செய்யும் மேசையிலும் பூசைக்கு நிற்பதுபோலவே நிற்க ஆண்டவர் எனக்குப் பழக்கினார்.

உங்களில் கந்தோரில் வேலை செய்கிறவர்கள் இருக்கிறீர்கள். பள்ளிக்கூடத்தில், ஆஸ்பத்திரியில், சங்கத்தில் இருக்கிறீர்கள். உங்களைப் பொய்க்குத் துணை நிற்கச் சொல்லும் நாள் வரும். பயமாகத்தான் இருக்கும். துணிவு வரட்டும், பிறகு செய்வோம் என்று காத்திருக்க வேண்டாம். எனக்குக் கடைசிவரை துணிவு வரவில்லை. பயத்தை அப்படியே ஆண்டவரிடம் சொல்லுங்கோ. சொல்லிவிட்டு உண்மையைப் பேசுங்கோ. நீங்கள் பேசத் தொடங்கும்போது, நீங்கள் நினைத்தே பார்க்காத ஒருவரின் கையில் அவர் பேனையைக் கொடுத்திருப்பார்.

எனக்குச் செய்தார். உங்களுக்கும் செய்வார். நம்புங்கோ.