பாதரசம் மலையேறிய காலை

விராலிமலையில் மதுரை ரோட்டோரம் எனக்குச் சைக்கிள் கடை. ஐந்தாவதுக்கு மேல் படிக்கவில்லை. பஞ்சர் ஒட்டுவேன், காற்றடிப்பேன், வண்டியை மணிக்கணக்கில் வாடகைக்கு விடுவேன். நாலு பேர் கூடிவிட்டால் எனக்கு வாய் கட்டிவிடும். வீல் பெண்டு எடுக்கிற சாக்கில் தலையைக் குனிந்துகொள்வேன்.

பக்கத்துக் கடை ராவுத்தர் எனக்கு நேர் எதிர். சைகோனில் ஜவுளி வியாபாரம் செய்தவர். அங்கே சண்டை முற்றியதும் கடையை அப்படியே விட்டுவிட்டுக் கப்பலேறி வந்துவிட்டார். மிஞ்சியது ஒரு தகரப்பெட்டி. அது நிறையப் பிரெஞ்சுப் பள்ளிக்கூடப் புத்தகங்கள். இங்கே வந்து லாந்தர் கண்ணாடியும் பாட்டிலும் விற்றார். சாயங்காலம் ஆனால் பெட்டியிலிருந்து ஒரு புத்தகத்தை எடுத்து, முந்நூறு வருஷத்துக்கு முந்தைய பாரீஸைப் பற்றித் தமிழில் சொல்ல ஆரம்பிப்பார்.

எப்பேர்ப்பட்ட ஊர் அது! பெரிய வீட்டு அம்மா ஒருத்தி கட்டிலில் சாய்ந்திருப்பாளாம். கவிஞர்களும் கணக்கில் வல்லவர்களும் சுற்றிலும் முக்காலி போட்டு உட்கார்ந்து, அவள் கேட்கிற கேள்விக்குப் பதில் சொல்வார்களாம். இன்னொரு பக்கம் ஒரு துறவி. யாருக்குப் புதிதாக எது தோன்றினாலும் அவருக்குக் கடிதம் எழுதிவிடுவார்களாம். அவர் அதைப் படியெடுத்து மற்ற அறிவாளிகளுக்கெல்லாம் அனுப்பிச் சண்டை மூட்டிவிடுவாராம். டியூபைத் தண்ணீர்ச் சட்டியில் முக்கியபடியே கேட்டுக்கொண்டிருப்பேன். குமிழி வந்து போனதைக்கூடப் பார்க்காமல் விட்டிருக்கிறேன்.

மற்றவர்களுக்கு அது வேடிக்கை. "கட்டில்ல படுத்துக்கிட்டு ஒருத்தி கேள்வி கேப்பாளாம், படிச்சவன்லாம் பதில் சொல்லுவானாம். சைகோன் புளுகு" என்பார்கள். கொஞ்ச நாளில் ஊரில் யார் எதை மிகைப்படுத்தினாலும் அதற்குச் சைகோன் புளுகு என்று பேராகிவிட்டது. அவருக்குச் சைகோனில் கடை இருந்ததே புளுகு என்றும் சிலர் கிளப்பிவிட்டார்கள். அது அவர் காதுக்கும் போயிற்று.

ஒருநாள் அவர் பாதரசக் கதையைச் சொன்னார். நீளமான கண்ணாடிக் குழாய். ஒரு முனை மூடியிருக்கும். அதில் பாதரசத்தை நிரப்பி, விரலால் அடைத்துத் தலைகீழாகக் கவிழ்த்து, ஒரு கிண்ணம் பாதரசத்துக்குள் நிறுத்தி விரலை எடுத்தால், எல்லாம் கொட்டிவிடாது. கொஞ்சம் இறங்கி நின்றுவிடும். அதற்கு மேலே குழாயில் வெறும் இடம். உலகத்தில் வெறும் இடம் என்று ஒன்று இருக்கவே முடியாது என்று பெரிய பெரிய படிப்பாளிகள் சாதித்துக்கொண்டிருந்த காலம். அப்போது பிரான்சில் நோயாளியான ஓர் அறிவாளி, பாதரசத்தைத் தாங்கி நிறுத்துவது வெளியே இருக்கிற காற்றின் எடைதான் என்றாராம். அப்படியானால் மலை உச்சியில் காற்றின் பாரம் குறையும், பாதரசம் இன்னும் இறங்க வேண்டும். அவரால் மலையேற முடியாது. மலைக்குப் பக்கத்தில் குடியிருந்த அக்கா புருஷனுக்குக் கடிதம் எழுதினாராம்.

அந்த இடத்தில் என் மச்சான் குறுக்கிட்டார். அவர் என் அக்காவின் கணவர். மலையடிவாரத்தில் தேங்காய்க் கடை. எதையும் இரண்டு மடங்காக்கிச் சொன்னால்தான் அவருக்குத் தூக்கம் வரும்.

"ஏன் பாய், வெறும் எடமே கெடையாதுன்னு சொன்ன ஆளுக எம் மாப்ள மண்டையப் பாக்கலையா?"

அவருக்கு மாப்ள நான்தான். எல்லோரும் சிரித்தார்கள்.

"மச்சானை மலையில ஏத்திவிட்டுட்டு அந்தாளு வீட்டுல படுத்துக்கிட்டானாக்கும். அங்கிட்டும் மச்சான்மாரு பொழப்பு இதுதானா?"

"முழுசாக் கேளுங்க" என்றார் ராவுத்தர். "உச்சியில பாதரசம் மூணு விரக்கடைக்கு மேல எறங்கிருச்சு."

"எறங்கும், எறங்கும். சைகோன் பாதரசம்ல."

ராவுத்தர் புத்தகத்தை மூடினார். "இனிமே நான் எதுவும் சொல்லலை. நான் பொய்யன்னே இருக்கட்டும்" என்று எழுந்துவிட்டார்.

இந்த மனிதர் வாயை மூடிக்கொண்டால் பாரீஸ் போய்விடும், துறவி போய்விடுவார், எனக்கு மிஞ்சுவது பஞ்சர் சொல்யூஷன் வாசனைதான். அப்போதுதான் என் வாயிலிருந்து அது வந்தது.

"நம்ம ஊருலயுந்தான் மலை இருக்கு."

கூட்டம் என்னைத் திரும்பிப் பார்த்தது. என் காது இரண்டும் எரிந்தன.

"அடடே, மாப்ள பேசுறான்யா" என்றார் மச்சான். "நான் ஏறுறேன் பாய். உள்ளதுன்னா உச்சியில நின்னு ஊருக்கே சொல்றேன். இல்லேன்னா நீங்க வாயைத் தொறக்கப்படாது."

ராவுத்தர் சரியென்று தலையை ஆட்டினார்.

மறுவாரமே திருச்சிக்குப் போனேன். பள்ளிக்கூடச் சோதனைச் சாலைகளுக்குச் சாமான் விற்கிற கடையில் ஒரே அளவாக இரண்டு குழாய் வாங்கி, வைக்கோலில் சுற்றி, பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டு வந்தேன். பாதரசத்துக்கு அலையவில்லை, நாட்டு மருந்துக் கடையில் கிடைத்தது.

சந்தை நாளன்று மச்சானின் தேங்காய்க் கடை நிழலில் இரண்டு குழாயையும் நிறுத்தினோம். மேலே வெள்ளி மாதிரி ததும்பிய பாதரசம் சட்டென்று இறங்கி நின்றதே, அந்த நொடியில் கூட்டம் மூச்சுவிடவில்லை. இரண்டும் ஒரே உயரம். சிவப்பு நூலால் அடையாளம் கட்டினோம். ஒரு குழாயைக் காலி செய்து, பாதரசத்தைப் பாட்டிலில் எடுத்துக்கொண்டு மச்சான் படியேறினார். உச்சியில் மறுபடி நிரப்பி நிறுத்த வேண்டும். சந்தைக் கூட்டத்தில் பாதி அவர் பின்னாலேயே போயிற்று. ராவுத்தருக்கு இளைப்பு. நடு மண்டபம் வரை போய் உட்கார்ந்துகொண்டார்.

கீழே இன்னொரு குழாயை விட்டு அகலாமல் பார்த்திருப்பது என் வேலை. பிரான்சிலும் அடிவாரத்தில் ஒரு மடத்துத் துறவியை இப்படி உட்கார வைத்தார்களாம். "சாமியாரே, தூங்கிராதீக" என்று மச்சான் படியிலிருந்து கத்தினார்.

மேலே கூச்சல் கேட்டது. விசில் கேட்டது. மயில்கள் அகவிக்கொண்டு பறந்தன. மச்சான் இரண்டு இரண்டு படியாகத் தாவி வந்தார். "ரெண்டு வெரக்கடை! பாய், ரெண்டு வெரக்கடை எறங்கிருச்சு!" ராவுத்தரை இரண்டு பேர் தோளில் கைபோட்டு அழைத்து வந்தார்கள். அவர் கண் கலங்கியிருந்தது. "என்னைய இனிப் பொய்யன்னு யாரும் சொல்ல மாட்டாக தம்பி" என்றார் என்னிடம்.

அவர்கள் மேலே இருந்த நேரத்தில் கூரைக் கீற்றுக்கு அடியில் வெயில் நுழைந்து என் குழாயின் மேல் விழுந்திருந்தது. என் குழாயிலும் பாதரசம் நூலை விட்டு அதே இரண்டு விரற்கடை இறங்கியிருந்தது. மலையேறாமலே.

நான் பேசாமல் இருந்தால் யாருக்கும் தெரியாது. யாரும் என் பக்கமே பார்க்கவில்லை. ஆனால் துறவியை அங்கே உட்கார வைத்தது எதற்கு?

"இங்கயும் எறங்கிருச்சுங்க" என்றேன்.

கூட்டம் குனிந்து பார்த்தது. யாரோ, "ரெட்டைப் புளுகுடா" என்றார்கள். சிரிப்பு வெடித்தது. நான் ராவுத்தரின் முகத்தைப் பயந்து பயந்து பார்த்தேன். அவர் என் குழாயையே உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு என் கையைப் பிடித்து உலுக்கினார்.

"இதுக்குத்தான் தம்பி, இதுக்குத்தான் கீழ ஒருத்தர். நீ இல்லைன்னா நான் தப்பை உண்மைன்னு சொல்லிக்கிட்டுத் திரிஞ்சிருப்பேன். வா, புத்தகத்தைப் பாப்போம்."

என் குழாயைக் காலி செய்து எடுத்துக்கொண்டு, இருவரும் ஓடாத குறையாக அவர் கடைக்குப் போனோம். அவர் மூச்சு வாங்கிக்கொண்டே பக்கத்தைப் புரட்டினார். அடுத்த பக்கத்திலேயே இருந்தது. அந்த அறிவாளி பிறகு பாரீஸில் ஒரு கோயில் கோபுரத்திலும் பரீட்சை செய்திருக்கிறார். அங்கே மிகக் கொஞ்சம்தான் இறங்கியதாம். அவர்களுடைய மலை பெரிய மலை. நம்முடையது கோபுரத்துக்குத்தான் இணை. இங்கே இரண்டு விரற்கடை எப்படி வரும்?

நான் குழாயை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தேன். உச்சியில் கண்ணாடியின் உட்புறம் பனி பிடித்த மாதிரி ஈரம். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. மருந்துக்கு ஆகும் பாதரசத்தை அந்த நாட்டு மருந்துக் கடையில் மஞ்சளும் பச்சிலைச் சாறும் விட்டு அரைத்துச் சுத்தி செய்துதான் கொடுப்பார்கள். நாங்கள் அதையும் விசேஷம் என்று கேட்டு வாங்கியிருந்தோம். சாற்றின் ஈரம் உள்ளே இருந்திருக்கிறது. காற்றடித்த சைக்கிளை வெயிலில் விட்டால் டியூப் விம்மும். இங்கே வெயில் பட்டதும் ஈரம் ஆவியாகி விம்மி, பாதரசத்தைக் கீழே தள்ளியிருக்கிறது. மேலே வெட்டவெளிப் பாறையில் கேட்க வேண்டுமா!

குழாய்களை நாள் கணக்கில் காயப்போட்டோம். பாதரசத்தைக் காய்ந்த புதுத்துணியில் திரும்பத் திரும்பப் பிழிந்தோம். துணியில் அழுக்கும் ஈரமும் நின்றுகொண்டு, பாதரசம் மட்டும் முத்து முத்தாக உதிர்ந்தது. மேகமூட்டமான ஒரு காலையில், வெயிலுக்கு முன்பே, மச்சானைக் கெஞ்சிக் கூப்பிட்டோம்.

"இந்தத் தடவை எம்புட்டு எறங்கணும்? சொல்லிருங்க, அம்புட்டு எறக்கிக் காட்டுறேன்" என்றார்.

"கண்ணுல பட்டதை மட்டும் சொல்லுங்க" என்றார் ராவுத்தர்.

அன்று கூட்டமில்லை. டீக்கடையிலிருந்து வந்த நாலைந்து பேர்தான். அடிவாரத்தில் இரண்டு குழாயையும் மறுபடி நிறுத்தி நூலைப் புதிதாகக் கட்டியதும், மச்சானுடன் இருவர் ஏறினார்கள். மற்றவர்கள் என்னோடு கீழே. குழாயையும் நூலையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தேன். கண்ணில் நீர் கட்டியது. அசையவில்லை. அசையவே இல்லை.

மச்சான் கத்தாமல் இறங்கி வந்தார். அவர் அப்படி வந்ததை நான் பார்த்ததில்லை. குழாயை நீட்டினார். அடிவாரத்தில் கட்டிய நூலுக்குக் கீழே இன்னொரு நூல் கட்டியிருந்தார்.

"கொஞ்சூண்டுதான் பாய்" என்றார். "ரெண்டு தடவை கவுத்து நிறுத்திப் பாத்துட்டேன். அம்புட்டுதான். ஒரு அரிசி."

"என்ன அரிசி?" என்றார் ராவுத்தர்.

"சீரகச் சம்பா. அதுக்கு மேல சொன்னா எம் பொண்டாட்டி புள்ளைக்கு ஆகாது."

நான் என் குழாயைக் காட்டினேன். பாதரசம் நூலிலேயே நின்றது. ராவுத்தர் இரண்டு நூலுக்கும் நடுவே இருந்த அந்த இத்துனூண்டு இடைவெளியை விரலால் தடவினார்.

டீக்கடைக்காரர்தான் முதலில் சொன்னார்: "உள்ளதாத்தான்யா இருக்கும். இந்த மனுசன் வாயில என்னைக்காவது இம்புட்டுச் சின்ன அளவு வந்திருக்கா?"

ஊர் நம்பியது அதற்காகத்தான். மலையை விட, பாதரசத்தை விட, மச்சான் ஓர் அரிசி என்று சொன்னதுதான் பெரிய அதிசயம். கடைத்தெரு முழுக்க அதே பேச்சு. அன்று மத்தியானம் ராவுத்தர் வீட்டில் பிரியாணி. இலையில் விழுந்த சோற்றில் மச்சான் ஒரு பருக்கையை எடுத்துத் தூக்கிப் பிடித்தார்.

"வெந்ததும் நீண்டுபோச்சு பாய். வேகாததுதான் கணக்கு" என்றார்.

சாயங்காலம் தகரப்பெட்டி மறுபடி திறந்தது. "அந்தக் கட்டில்காரம்மா அன்னைக்கு என்னதாங்க கேட்டா?" என்று முதல் கேள்வியைக் கேட்டவன் நான்.