தோள் முழுகத் தண்ணீர்

மேட்டூரில் திறந்த தண்ணீர் கல்லணைக்கு வந்து சேரும் முன்பே, தஞ்சாவூரில் எங்கள் வீட்டு ஹாலுக்கு வெள்ளம் வந்துவிட்டது. சிரிக்காதீர்கள். சோபாவின் கால் நனைந்தது. என் ரப்பர் செருப்பு தானாகவே வாசல் பக்கம் கிளம்பிவிட்டது...

எல்லாம் ஒரு பாத்டப்பால் வந்த வினை.

பாத்டப் என்றதும் என்னைப் பெரிய பணக்காரன் என்று நினைத்துவிட வேண்டாம். வீடு கட்டும்போது, சிங்கப்பூரில் இருக்கும் மகள் பிடிவாதம் பிடித்து வைக்கச் சொன்னது அது. லீவுக்கு வந்தால் அவள் குளிப்பாள். மற்ற நாட்களில்? கரண்ட் போகும் என்று தெரிந்தால் தண்ணீர் பிடித்து வைப்போம். விருந்து முடிந்தால் பெரிய பாத்திரங்களைப் போட்டு ஊறவைப்போம். ஒருமுறை ஒரு பலாப்பழம்கூட அதில் படுத்திருந்தது.

அப்படிக் கிடந்த டப்புக்கு, என் மனைவி மங்கையின் தோளால் வேலை வந்தது. வலது தோள் இறுகிப்போய்விட்டது. 'ஃப்ரோசன் ஷோல்டர்' என்றார் டாக்டர். வலியைக்கூடப் பொறுத்துக்கொண்டாள். தன் தலைமுடியைத் தானே முடிய முடியவில்லை என்பதைத்தான் அவளால் பொறுக்க முடியவில்லை. அந்த வேலை எனக்கு வந்தது. நான் போட்ட கொண்டைக்கு வைக்கோல் போர் தேவலை. கல்யாணம், காதுகுத்து எதற்கும் வருவதை நிறுத்திவிட்டாள்.

"நீங்க மட்டும் போயிட்டு வாங்க."

கலகலவென்று இருந்தவள் அப்படிச் சொல்வது எனக்குத் தாங்கவில்லை.

பிசியோதெரபி செய்கிற பெண்தான் வழி சொன்னாள். "வெதுவெதுப்பான தண்ணியில தோள் முழுகுற மாதிரி சாஞ்சு உக்காந்து, தண்ணிக்குள்ளயே கைய மெதுவா தூக்குங்கம்மா. பாதி பாரத்த தண்ணி தாங்கிக்கும்."

தோள் முழுக வேண்டும். எங்கள் டப்பிலோ தண்ணீர் தொப்புளைத் தாண்டாது! பக்கச் சுவரில் ஒரு ஓட்டை. தண்ணீர் அந்த உயரம் வந்ததும் அதன் வழியே ஓடிவிடும். அதற்கு மேல் சுவர் சும்மா நிற்கிறது. நான் டேப் ஒட்டிப் பார்த்தேன். வெந்நீர் பட்டதும் அது கழன்று மிதந்தது. மங்கை துண்டை எடுத்துக்கொண்டு எழுந்து போனாள்.

மச்சானுக்குப் போன் போட்டேன். மங்கையின் அண்ணன். பூதலூரில் விவசாயம். காலமெல்லாம் தண்ணீரோடு மல்லுக்கட்டுகிறவர். தங்கச்சிக்கு என்றதும் ஒரு மூட்டை அரிசியோடு வந்து இறங்கினார். மூட்டையைப் பாத்ரூம் வாசலில் சாத்திவிட்டு டப்பைப் பார்த்தார்.

"இவ்வளவுதானா மாப்ள? மடைய அடைச்சா தண்ணி நிக்கப் போவுது. இதுக்கா கவலப்பட்டீங்க?"

சைக்கிள் டியூபை வெட்டி, ஓட்டையில் வைத்து அடைத்தார். சொட்டுக்கூட ஒழுகவில்லை. விளிம்புக்குச் சற்றுக் கீழே வரை வெந்நீரை நிரப்பினார். வரப்பைத் தடவுவது போல விளிம்பைத் தடவிப் பார்த்துக்கொண்டார். "அளவா நிக்குது. எறங்கு தங்கச்சி" என்று சொல்லிவிட்டு வெளியே வந்து கதவைச் சாத்தினார்.

மங்கை நைட்டியோடு இறங்கி உட்கார்ந்தாள்.

வந்ததே வெள்ளம்!

மச்சான் வயலில் தண்ணீர் நிறுத்திப் பழகியவர். வயலில் எத்தனை பேர் இறங்கி நடவு நட்டாலும் தண்ணீர் மட்டம் ஏறுமா? டப்பில் ஓர் ஆள் உட்கார்ந்தால் போதும். மங்கை ஒல்லியும் இல்லை (இதை அவளிடம் சொல்லிவிடாதீர்கள்). போதாததற்குக் குழாயையும் கொஞ்சம் திறந்தே விட்டிருந்தார் — வயலுக்கு வரத்து இருந்துகொண்டே இருக்க வேண்டுமாம்!

அரிசி மூட்டையின் அடி ஊறியது. நான் துணியோடு ஓடினேன். மச்சான் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு துடைப்பத்தால் தண்ணீரைத் தள்ளினார். அப்போது பாத்ரூமுக்குள்ளிருந்து ஒரு சத்தம். அழுகிறாளா?

மங்கை சிரித்துக்கொண்டிருந்தாள். வாய்விட்டு. அந்தச் சிரிப்பைக் கேட்டு எத்தனை மாதம் ஆயிற்று!

"அண்ணே... ஹால்ல நடவுக்கு ஆள் சொல்லிடவா?"

மச்சானுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. ஆனால் மனுஷர் வீட்டுக்குக் கிளம்பவில்லை. ஈர வேட்டியோடு டப் ஓரத்தில் உட்கார்ந்து யோசித்தார்.

"அடைச்சது தப்பு மாப்ள. மழை பேஞ்சா வடியறதுக்கு வழி வேணும்ல? மடைய ஒசத்தி வச்சிருக்கணும்."

ஹார்டுவேர் கடைக்குப் போய், முழங்கை மாதிரி வளைந்த குழாய்த் துண்டு, ஒரு பிவிசி எல்போ வாங்கி வந்தார். ஓட்டையில் அதைச் செருகி, வாயை மேல்நோக்கித் திருப்பி, சுற்றிலும் அதே டியூபை இறுக்கினார். இனி தண்ணீர் எல்போவின் வாய்வரை ஏறினால்தான் வெளியே போக முடியும். இந்தத் தடவை குழாயையும் மறக்காமல் மூடினார். மங்கை மறுபடி உட்கார்ந்தாள். மிஞ்சிய தண்ணீர் எல்போ வழியாகக் களக் களக்கென்று இறங்கிப் போனது. தோள் முழுகியிருந்தது.

நனைந்த அரிசி இட்லிக்குப் போனது.

உதவிக்கு வருகிறவர்கள் எல்லாரும் முதல் தடவையிலேயே சரியாகச் செய்துவிடுவார்களா என்ன? தப்பாகச் செய்த பிறகும் ஓடிப்போகாமல் உட்கார்ந்திருக்கிறார்களே, அவர்களுக்குத்தான் நாம் கும்பிடு போட வேண்டும். அன்றிலிருந்து நான் மச்சானுக்குப் போடுகிறேன். பிடிவாதம் பிடித்த மகளுக்கும், வழி சொன்ன பெண்ணுக்கும் சேர்த்து.

மங்கை தினமும் டப்பில் கையைத் தூக்கித் தூக்கிப் பழக, மச்சான் வயலில் குறுவைக் கதிரும் முற்றிவிட்டது. போன வெள்ளிக்கிழமை காலை, வழக்கம்போலச் சீப்பும் கையுமாகப் போனேன். மங்கை கண்ணாடி முன்னால் நின்றிருந்தாள். பல்லைக் கடித்துக்கொண்டு, வலது கையை மெதுவாக மேலே தூக்கி, தலைக்குப் பின்னால் கொண்டுபோய்... தன் முடியைத் தானே முடிந்துவிட்டாள். கொண்டை கொஞ்சம் கோணல்தான்.

"நன்னிலத்துல கல்யாணம்னீங்களே, ரெண்டு பேரும் போவோமா?" என்றாள்.

எனக்குக் கண் கலங்கிவிட்டது. சீப்பை அவளிடமே கொடுத்துவிட்டுக் கடைக்குக் கிளம்பினேன்.

வேலை போன சந்தோஷத்தில் தெரு முழுக்க அசோகா அல்வா கொடுத்தவன், தஞ்சாவூரிலேயே நான் ஒருவன்தான்!